டிஎல்எல் என்னும் ஊர்ப் பொது அண்டா

இந்த வாரம் ஆணி கொஞ்சம் கம்மி, அதனால பதிவு கொஞ்சம் பெருசு. டீயோ காபியோ எடுத்துக்கிட்டு வந்து உக்காருங்க. பொட்டி தட்டுற தொழில்ல இல்லாதவங்களும் தாராளமா படிக்கலாம், கோடு எதுவும் வராது.

நான் கம்ப்யூட்டர் வேலையில இருக்கேன்னு தெரிஞ்ச நாள்லேர்ந்து, சொந்தக்காரங்க வீட்டுப் பொட்டி மக்கர் பண்ணினா போன் எனக்குத்தான். கேள்வி பெரும்பாலும் இப்படி இருக்கும்: "மாப்ள, ஏதோ டிஎல்எல் ஃபைல் இல்லைன்னு சொல்லுது. நெட்ல தேடினா அந்த ஃபைலை மட்டும் தர்ற சைட்டு ஒண்ணு வருது. எறக்கிப் போட்டுடட்டுமா?" போடாதீங்க மாமான்னு சொல்றது ஒரு செகண்டு வேலை. ஏன் போடக்கூடாதுன்னு விளக்கணும்னா முக்கால் நூற்றாண்டுக் கதையைச் சொல்லணும். போன்ல அவ்வளவு நேரம் யாரும் கேக்க மாட்டாங்க. உங்ககிட்ட சொல்றேன்.

லைப்ரரிங்கற வார்த்தை சும்மா அழகுக்கு வெச்ச பேரு இல்லீங்க. 1949 மே மாசம் இங்கிலாந்துல, கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்துல எட்சாக்னு ஒரு கம்ப்யூட்டர் ஓட ஆரம்பிச்சது. நிரலைக் காகித நாடாவுல ஓட்டை போட்டுத்தான் உள்ள கொடுக்கணும். வர்க்கமூலம், சைன், காஸைன் மாதிரி திரும்பத் திரும்பத் தேவைப்படற கணக்குகளை ஆளாளுக்குப் புதுசா எழுதினா தப்பும் புதுசு புதுசா வரும்ல? அதனால நல்லா சோதிச்சுப் பார்த்த துண்டு நிரல்களைத் தனித்தனி நாடாவா ஒரு அலமாரியில அடுக்கி வெச்சாங்க. வேணுங்கறவங்க நாடாவை எடுத்து, தன்னோட நிரல் நாடாவுல ஒரு நகல் ஏத்திக்கிட்டு, பழையபடி அலமாரியில வெச்சிடணும். 1951ல அந்த அலமாரியில 87 துண்டு நிரல்கள் இருந்துச்சு. மாரிஸ் வில்க்ஸ், டேவிட் வீலர், ஸ்டான்லி கில் மூணு பேரும் அதே வருஷம் இந்த முறையைப் பத்திப் புத்தகமே போட்டாங்க.

இதுல கவனிக்க வேண்டியது அந்த 'நகல்'ங்கற வார்த்தை. என் நிரல்ல இருக்கறது என் நகல். நாளைக்கு அலமாரியில இருக்கற நாடாவை யாராவது மாத்தினாலும் என் நிரலுக்கு ஒண்ணும் ஆகாது. அதே சமயம் அலமாரி நாடாவுல ஒரு தப்பைத் திருத்தினா, அந்தத் திருத்தமும் எனக்கு வராது. இந்த ரெண்டு வரியும் ஒரே நாணயத்தோட ரெண்டு பக்கம். இந்தப் பதிவு முழுக்க இந்த நாணயம்தான் சுத்திக்கிட்டே இருக்கப் போகுது.

நகல் எடுக்காம, எல்லா நிரலும் ஒரே பிரதியைப் பகிர்ந்துக்கலாமேங்கற யோசனை 1960கள்ல வந்தது. எம்ஐடி, பெல் லேப்ஸ், ஜெனரல் எலக்ட்ரிக் மூணும் சேர்ந்து உருவாக்கின மல்டிக்ஸ்ல, ஒரு துணை நிரலை முதல் தடவை கூப்பிடற நேரத்துலதான் அது எங்க இருக்குன்னு தேடி இணைப்பாங்க. அருமையான யோசனை, ஆனா மல்டிக்ஸ் ஒரு யானை. பெல் லேப்ஸ் 1969ல விலகி வந்து, அங்க இருந்தவங்க எழுதின யூனிக்ஸ்ல இந்த வம்பே வேண்டாம்னு நகல் எடுக்கற முறைக்கே திரும்பிட்டாங்க. யூனிக்ஸ் பக்கம் இப்ப நமக்குத் தெரிஞ்ச மாதிரி பகிர்வு வந்தது 1988ல, சன் கம்பெனியோட சன்ஓஎஸ் 4.0ல.

அதுக்குள்ள மைக்ரோசாஃப்ட் முந்திக்கிச்சு. ஆசையினால இல்லை, வறுமையினால.

1985 நவம்பர் 20 அன்னிக்கு விண்டோஸ் 1.0 வெளியாச்சு. அதுக்குத் தேவையான நினைவகம் குறைஞ்சபட்சம் 256 கேபி. எம்பி இல்லீங்க, கேபி. இன்னிக்கு வாட்ஸப்ல வர்ற ஒரு குட்மார்னிங் படம் அதுல அடங்கினாலே பெருசு. அந்த இடத்துக்குள்ள ஜன்னல், மெனு, மவுஸ், எழுத்துரு எல்லாம் காட்டி, ஒண்ணுக்கு மேல நிரலையும் ஓட்டணும். ஒரு கணக்குக்கு, ஜன்னல் வரையற நிரல் வரிகள் 100 கேபின்னு வெச்சுக்கோங்க. ஒவ்வொரு நிரலும் அதைத் தனக்குன்னு நகல் எடுத்தா, மூணாவது நிரல் உள்ள வரும்போதே இடம் காலி. அதனால விண்டோஸையே மூணு பெரிய பொது நூலகமாத்தான் கட்டினாங்க: கெர்னல், யூசர், ஜிடிஐ. நினைவகம், ஃபைல் சமாச்சாரம் கெர்னல்ல, ஜன்னலும் மெனுவும் யூசர்ல, வரையறது ஜிடிஐல. எல்லாத்துக்கும் ஒரே பிரதி. இதுக்குப் பேருதான் டைனமிக் லிங்க் லைப்ரரி, சுருக்கமா டிஎல்எல். கடைசியில டிஎல்எல்னு முடியற ஃபைல்தான் டிஎல்எல்னு நினைக்காதீங்க. கண்ட்ரோல் பேனலோட சிபிஎல், ஆக்டிவ்எக்ஸோட ஓசிஎக்ஸ், பழைய விண்டோஸ் எழுத்துருக்களோட எஃப்ஓஎன் எல்லாம் வேற சட்டை போட்ட டிஎல்எல்தான்.

எங்க ஊர்ப் பக்கம் கோயில்ல ஒரு ரூம் நிறைய பொதுப் பாத்திரம் கிடக்கும். அண்டா, குண்டான், ஜல்லிக்கரண்டி. கல்யாணம், காதுகுத்துன்னா சொல்லிட்டு எடுத்துட்டுப் போகலாம். முந்நூறு பேருக்குச் சோறாக்கற அண்டாவை வீட்டுக்கு வீடு வாங்கி வெச்சா எங்க வைக்கறது? டிஎல்எல்லும் அதேதான். விண்டோஸ்ல சிஸ்டம்ங்கற ஃபோல்டர்தான் கோயில் ரூம்.

சரி, இது எப்படி வேலை செய்யுது? ஒரு எக்ஸிஇ ஃபைலுக்குள்ள ஒரு பட்டியல் இருக்கும். 'எனக்கு யூசர்லேர்ந்து மெசேஜ்பாக்ஸ் வேணும், ஜிடிஐலேர்ந்து டெக்ஸ்ட்அவுட் வேணும்'னு. நீங்க ஐகானைத் தட்டினதும் விண்டோஸோட லோடர் அந்தப் பட்டியலைப் படிச்சு, ஒவ்வொரு ஃபைலையும் தேடி எடுத்து, கேட்ட ஃபங்ஷன் நினைவகத்துல எந்த முகவரியில இருக்குன்னு நிரப்பிக் கொடுக்கும். ஏதாவது ஒண்ணு கிடைக்கலைன்னா நிரல் கிளம்பாது. இதுல இன்னொரு சங்கதி: லோடர் பார்க்கறது ஃபைல் பேரையும் ஃபங்ஷன் பேரையும் மட்டும்தான் (சில சமயம் பேருக்குப் பதிலா ஒரு வரிசை எண்). அது எந்தப் பதிப்பு, யார் எழுதினது, இந்த நிரலைச் சோதிச்சப்ப இருந்த அதே ஃபைலா, எதுவும் கேக்காது. 'பெரிய அண்டா'ன்னு எழுதியிருந்தா அதுதான் பெரிய அண்டா.

இங்கதான் வினை ஆரம்பம்.

1991ல விஷுவல் பேசிக் வந்துச்சு. அதுல எழுதின நிரல் எல்லாத்துக்கும் பொதுவான ஒரு ஓடுநேர டிஎல்எல் தேவை. 1993ல வந்த மூணாவது பதிப்புக்கு அது விபிரன்300.டிஎல்எல். சுமார் 400 கேபி. நிரல் 30 கேபி இருக்கும், அதுக்குத் துணையா 400 கேபி! 1.44 எம்பி ஃப்ளாப்பியும் டயல்அப் மோடமும் இருந்த காலம். அதனால இலவச நிரல் எழுதினவங்க நிறையப் பேர் அந்த டிஎல்எல்லைச் சேர்க்காம, 'விபிரன்300 உங்ககிட்ட இல்லைன்னா தனியா எறக்கிக்கோங்க'ன்னு ஒரு குறிப்பு மட்டும் வெச்சாங்க. டிஎல்எல்லைத் தனியா எறக்கற பழக்கம் இப்படி நேர்மையாத்தான் ஆரம்பிச்சது. ஆனா அன்னிக்கு அந்த ஃபைலுக்கு ஒரு சொந்தக்காரர் உண்டு, எங்கேர்ந்து வந்ததுன்னு எல்லாருக்கும் தெரியும். இதை மனசுல வெச்சுக்கோங்க, கடைசியில வர்றேன்.

அடுத்தது இன்ஸ்டாலர்கள். ஒவ்வொரு சாஃப்ட்வேரும் தனக்கு வேண்டிய பொது டிஎல்எல்லைச் சிடியில கொண்டு வந்து சிஸ்டம் ஃபோல்டர்ல போடும். அங்க ஏற்கெனவே புதுசு இருந்தா அதுமேல பழசை எழுதக்கூடாதுன்னு விதி. பதிப்பு எண்ணைச் சரிபார்க்கறதுக்குன்னே விண்டோஸ் 3.1ல 1992லயே ஒரு நூலகம் கொடுத்தாங்க. விதியை மதிக்காத இன்ஸ்டாலர்கள் ஏராளம். நீங்க இன்னிக்கு ஒரு கேம் போடுவீங்க, நாளைக்கு அக்கவுண்ட்ஸ் சாஃப்ட்வேர் திறக்காது. கேம் போட்டதுக்கும் டாலிக்கும் என்ன சம்பந்தம்னு யாருக்குத் தோணும்?

இன்னும் கொடுமை 16 பிட் விண்டோஸ்ல. ஒரு பேர்ல ஒரு டிஎல்எல் ஏற்கெனவே நினைவகத்துல இருந்தா, அதே பேரைக் கேக்கற அடுத்த நிரலுக்கும் அதையே தூக்கிக் கொடுத்துடும், அது எந்த ஃபோல்டர்லேர்ந்து வந்திருந்தாலும் சரி. ஆகவே முதல்ல எக்ஸெல்லைத் திறந்தா எல்லாம் ஓடும், முதல்ல வேற எதையாவது திறந்தா எக்ஸெல் படுத்துக்கும்ங்கற மாதிரி மாயமந்திரம் எல்லாம் நடக்க வாய்ப்பு இருந்துச்சு. திறக்கற வரிசையை மாத்திப் பாருங்கன்னு சொன்னா சிரிப்பா இருக்கும், ஆனா அதுல அர்த்தம் இருந்துச்சு.

புதுசு மேல புதுசு போட்டாலும் தப்பிக்க முடியாது. புதுப் பதிப்பு பழைய நிரல்களோட ஒத்துப் போகணும்னு எதிர்பார்ப்பு. ஆனா பழைய பதிப்புல இருந்த ஒரு தப்பையே நம்பி எழுதின நிரல் இருக்கும். தப்பைத் திருத்தினா அது விழும். காம்சிடிஎல்32ங்கற டிஎல்எல் (பட்டன்பட்டி, மரவடிவப் பட்டியல் எல்லாம் வரையறது) இன்டர்நெட் எக்ஸ்ப்ளோரரோட ஒவ்வொரு பதிப்பிலும் புதுசாகி வந்துச்சு. பிரவுசரை மாத்தினா மத்த நிரல்களோட முகமே மாறும். இந்த மொத்தக் கூத்துக்கும் வந்த பேர்தான் டிஎல்எல் ஹெல், டிஎல்எல் நரகம்.

விண்டோஸ் 95 குழு இதுக்குச் செஞ்ச வைத்தியம் எனக்கு ரொம்பப் பிடிச்ச கதை. மைக்ரோசாஃப்ட்ல ரொம்ப வருஷமா இருக்கற ரேமண்ட் சென் எழுதியிருக்கார். சிஸ்டம் டிஎல்எல் மேல பழசை எழுத வர்ற இன்ஸ்டாலரை முதல்ல தடுத்துப் பார்த்தாங்களாம். தடுத்தா இன்ஸ்டாலர் பாதியில நின்னுடுது, இல்லைன்னா பயனர்கிட்ட என்ன பண்ணலாம்னு கேக்குது, இல்லைன்னா ரீஸ்டார்ட் ஆகும்போது பின்வாசல் வழியா எழுதப் பார்க்குது. சரின்னு விட்டுட்டாங்க. நல்லா எழுதிக்கோ ராசான்னு எழுத விட்டு, இன்ஸ்டாலர் முடிஞ்சு போனதுக்கு அப்புறம், ஒளிச்சு வெச்ச ஒரு ஃபோல்டர்லேர்ந்து நல்ல பிரதியை எடுத்து பழையபடி வெச்சிடும். வாக்குவாதம் பண்ணாம, விருந்தாளி போனப்புறம் சோபா உறையைச் சரி பண்ற மாதிரி.

2000 பிப்ரவரியில விண்டோஸ் 2000 வந்தப்ப இதை இன்னும் கறாரா ஆக்கினாங்க. பாதுகாக்கப்பட்ட சிஸ்டம் ஃபைலை யாராவது மாத்தினா அந்த நிமிஷமே பழையது திரும்பி வந்துடும். அதோட, நிரலோட ஃபோல்டர்லயே தனக்குன்னு தனி டிஎல்எல் வெச்சுக்கறதை ஊக்குவிக்க ஆரம்பிச்சாங்க. அந்த வருஷம் ஜனவரியில எம்எஸ்டிஎன்ல வந்த ஒரு கட்டுரையோட தலைப்பே 'டிஎல்எல் நரகத்தின் முடிவு'. முடிஞ்சுதாங்கறதை நீங்களே பாருங்க. 2001ல எக்ஸ்பியோட வின்எஸ்எக்ஸ்எஸ்னு ஒரு ஃபோல்டர் வந்துச்சு. ஒரே டிஎல்எல்லோட பல பதிப்புகள் பக்கத்துல பக்கத்துல குடியிருக்கும், எனக்கு எது வேணும்னு ஒவ்வொரு நிரலும் ஒரு சீட்டு எழுதிக் கொண்டு வரணும். 2002ல டாட்நெட் வந்து, டிஎல்எல் பேரோட பதிப்பு எண்ணும் கையெழுத்தும் சேர்ந்தாத்தான் அடையாளம்னு சொல்லுச்சு.

யோசிச்சுப் பார்த்தா என்ன நடந்திருக்கு? 1985ல பகிரணும்னு கட்டினதை 2000லேர்ந்து கொஞ்சம் கொஞ்சமாப் பிரிச்சுக் கொடுத்திருக்காங்க. நினைவகம் மலிவாயிடுச்சு, பொது அண்டாவால வர்ற சண்டைதான் விலை அதிகம். வீட்டுக்கு வீடு அண்டா வாங்கிக்கோங்கன்னு சொல்லிட்டாங்க.

இந்த மாற்றம் நடந்துக்கிட்டு இருந்த நேரத்துலதான் நம்ம தமிழ் உள்ள மாட்டிக்கிச்சு. 2000களோட தொடக்கத்துல எழுத ஆரம்பிச்ச மூத்த பதிவர்களுக்கு இது ஞாபகம் இருக்கும், என்னை மாதிரி பின்னால வந்தவங்களுக்குக் கேள்வி ஞானம்தான். யூனிகோடுல 'கெ'ன்னு எழுதினா உள்ள 'க' முதல்ல, கொம்பு அப்புறம்னு பதிவாகும். திரையில கொம்பை முன்னால கொண்டு வரணும். 'கொ'ன்னா ஒரே குறியை ரெண்டா உடைச்சு முன்னால பாதி, பின்னால பாதி போடணும். இந்த வேலையைச் செய்யற யூனிஸ்க்ரைப்ங்கற எஞ்சின் ஒரு டிஎல்எல்லுக்குள்ள இருந்துச்சு: யுஎஸ்பி10.டிஎல்எல். (பென்டிரைவ் சொருகற யுஎஸ்பி வேற, இது வேற. தமிழ்ல ரெண்டுக்கும் ஒரே 'பி'தான், என்ன பண்றது.) டிஸ்கி, டேப் எழுத்துருக்கள்ல கொம்பைக் கண்ணுக்குத் தெரியற வரிசையிலேயே சேமிச்சதால இந்த டிஎல்எல் தேவைப்படலை. யூனிகோடுக்கு மாறினப்பதான் தமிழ் ஒழுங்காத் தெரியறது ஒரு டிஎல்எல் கையில போச்சு.

அந்த டிஎல்எல் இன்டர்நெட் எக்ஸ்ப்ளோரர் 5ஓட வந்துச்சு, விண்டோஸ் 2000ஓட வந்துச்சு. லதா எழுத்துருவோட தமிழை யூனிகோடுல முதல்ல ஆதரிச்ச விண்டோஸ் அதுதான். எக்ஸ்பியில டிஎல்எல் இருந்தாலும், கண்ட்ரோல் பேனல்ல ரீஜனல் செட்டிங்ஸ் போய் சிக்கலான எழுத்துமுறைகளுக்கான ஒரு டப்பாவை டிக் பண்ணி, சிடியைப் போட்டு ரீஸ்டார்ட் பண்ணாத்தான் எல்லா நிரல்லயும் தமிழ் சரியா வரும். அதைப் பண்ணாத பொட்டியில எக்ஸ்ப்ளோரர்ல தமிழ் தெரியும், ஏன்னா அது யூனிஸ்க்ரைப்பை நேரடியாக் கூப்பிடும். அப்ப இருந்த ஃபயர்ஃபாக்ஸ்ல கொம்பு பிச்சுக்கிட்டு நிக்கும். ஆஃபீஸ் 2003 தனக்குன்னு ஒரு புது யுஎஸ்பி10ஐத் தன் ஃபோல்டர்ல கொண்டு வந்துச்சு. ஒரே பொட்டியில வேர்டுக்கு ஒரு பிரதி, மத்த நிரல்களுக்கு வேற பிரதி. சிஸ்டத்துல இருக்கற பழசை இந்தப் புதுசால மாத்திடலாம்னு போனா, முன்னாடி சொன்ன பாதுகாப்பு வந்து பழசையே திரும்ப வெச்சிடும். அதை ஏமாத்த சேஃப் மோடுல போய் மாத்தற வித்தையெல்லாம் இந்திய மொழிக்காரங்க நடுவுல புழங்குச்சு. என் தமிழ் உன் பொட்டியில உடையுதுன்னு ரெண்டு பேர் சண்டை போட்டிருந்தா, நிஜத்துல சண்டை ரெண்டு டிஎல்எல் பதிப்புக்கு நடுவுல. விஸ்டா வந்தப்புறம் அந்த டப்பாவை டிக் பண்ற வேலை ஒழிஞ்சது.

தனித்தனி அண்டா நல்லதுன்னு இதுவரைக்கும் படிச்சு முடிவு பண்ணிட்டீங்கன்னா கொஞ்சம் பொறுங்க. 2004 செப்டம்பர்ல ஜிடிஐ பிளஸ்ல ஒரு ஓட்டை கண்டுபிடிச்சாங்க. ஜேபெக் படத்தைப் படிக்கற இடத்துல தப்பு. விஷமமா செஞ்ச ஒரு படத்தைத் திறந்தாலே போதும், உங்க பொட்டி அடுத்தவன் கையில. மைக்ரோசாஃப்ட் எம்எஸ்04-028ங்கற எண்ணுல திருத்தம் கொடுத்தாங்க. சிஸ்டத்துல இருக்கற ஜிடிஐபிளஸ்.டிஎல்எல்லை மாத்தினா முடிஞ்சுதா? இல்லை. டிஎல்எல் நரகத்துக்குப் பயந்து, சொன்ன பேச்சைக் கேட்டு, எத்தனையோ நிரல்கள் அதைத் தன் ஃபோல்டர்லயே நகல் வெச்சிருந்துச்சு. எங்கெங்க இருக்குன்னு தேடறதுக்குத் தனியா ஒரு கருவியே வெளியிட வேண்டியதாப் போச்சு. 1949 அலமாரியில பார்த்த அதே நாணயம், மறுபக்கம். நகல் எடுத்தவனுக்குத் திருத்தம் வராது.

2014 ஏப்ரல்ல ஹார்ட்ப்ளீட் வந்தப்ப பொது அண்டாவோட அருமை தெரிஞ்சது. லினக்ஸ் சர்வர்ல ஓபன்எஸ்எஸ்எல் நூலகத்தை ஒரு தடவை புதுப்பிச்சு, அதைப் பயன்படுத்தற சேவைகளை ரீஸ்டார்ட் பண்ணினா அந்த ஓட்டை எல்லா நிரல்லயும் ஒரேயடியா அடைஞ்சது. 2021 டிசம்பர்ல லாக்4ஜே ஓட்டை வந்தப்ப நேர் எதிர். ஒவ்வொரு ஜாவா நிரலும் அதைத் தன் வயித்துக்குள்ள முழுங்கி வெச்சிருந்ததால, யார்கிட்ட இருக்கு, யார்கிட்ட இல்லைன்னு கண்டுபிடிக்கறதுக்கே உலகம் முழுக்க ராத்திரி கண்முழிச்சாங்க.

நான் எந்தக் கட்சின்னு கேட்டா, சிஸ்டத்தோட சொந்த நூலகமும் பாதுகாப்பு சம்பந்தப்பட்டதும் பொதுவா இருக்கணும், மத்தது அவனவன் வீட்டுல இருக்கட்டும். டாக்கர் கண்டெய்னர்ல மொத்தத்தையும் கட்டித் தூக்கிட்டுப் போற இந்தக் காலத்துல இது கொஞ்சம் பழைய பஞ்சாங்கம்தான். நம்ம கொம்பு சமாச்சாரத்தையே பாருங்க. இன்னிக்கு ஃபயர்ஃபாக்ஸ், குரோம் ரெண்டும் ஹார்ஃப்பஸ்ங்கற எழுத்து எஞ்சினைத் தனக்குள்ளயே சுமக்குது, லிப்ரே ஆஃபீஸும் 2017ல 5.3லேர்ந்து அதுக்கே மாறிடுச்சு. 'க'வுக்கு முன்னால கொம்பு போடற நிரல் வரிகள் உங்க பொட்டியில ஒண்ணுக்கு நாலு பிரதி இருக்கலாம்.

இப்ப மாமா கேள்விக்கு வருவோம். எர்ரர் செய்தியை முழுசாப் படிச்சாலே பாதி வைத்தியம் முடிஞ்சது, ஏன்னா ஒவ்வொரு செய்தியும் மேல சொன்ன கதையில ஒவ்வொரு கட்டத்தைச் சேர்ந்தது. 'இன்ன டிஎல்எல் காணோம்'னு சொன்னா முதல்ல அந்தப் பேரைப் பாருங்க. விசிரன்டைம்140, எம்எஸ்விசிபி140ன்னு இருந்தா அது அந்த கேமோட ஃபைலே இல்லை, விஷுவல் சி பிளஸ் பிளஸ்ஸோட ஓடுநேர நூலகம். மைக்ரோசாஃப்ட் தளத்துல ரீடிஸ்ட்ரிபியூட்டபிள்னு இலவசமாக் கிடைக்கும், 2015க்கு அப்புறம் வந்த விஷுவல் ஸ்டுடியோக்களுக்கெல்லாம் ஒரே தொகுப்பு. எம்எஸ்விசிஆர்100ன்னு இருந்தா 2010க்கானது, தனியாப் போடணும். ஒண்ணு இருக்கேன்னு விட்டுடவும் கூடாது. விசிரன்டைம்140_1ன்னு வால் முளைச்ச ஃபைல் 2019ல சேர்ந்தது. ஏற்கெனவே பழைய தொகுப்பு போட்டிருக்கற பொட்டியில இது மட்டும் காணோம்னு சொல்லும், புதுத் தொகுப்பை மேல போட்டா சரி.

'புரொசீஜர் என்ட்ரி பாயிண்ட் கிடைக்கவில்லை'ன்னு வந்தா ஃபைல் இருக்கு, கேட்ட ஃபங்ஷன் அதுல இல்லை. அண்டா இருக்கு, அளவு சின்னது. பெரும்பாலும் ஒரு பழைய பிரதி நிரலோட ஃபோல்டர்ல உக்காந்துக்கிட்டு சிஸ்டத்துல இருக்கற புதுசை மறைக்கும். லோடர் முதல்ல தேடற இடம் நிரலோட சொந்த ஃபோல்டர்தான். 0எக்ஸ்சி000007பின்னு ஒரு பூச்சாண்டி எண் வந்தா பெரும்பாலும் 32 பிட் நிரல் 64 பிட் டிஎல்எல்லையோ, இல்லைன்னா தலைகீழாவோ பிடிச்சு இழுத்திருக்கு. இங்க ஒரு வேடிக்கை: 64 பிட் விண்டோஸ்ல 64 பிட் டிஎல்எல்கள் இருக்கற ஃபோல்டருக்குப் பேரு சிஸ்டம்32, 32 பிட் இருக்கறதுக்குப் பேரு சிஸ்வாவ்64. பழைய நிரல்கள் சிஸ்டம்32ங்கற பேரை உள்ளேயே எழுதி வெச்சிருந்ததால, அதுங்களை 64 பிட்டுக்கு மாத்தும்போது உடையக்கூடாதுன்னு பேரை அப்படியே விட்டுட்டாங்க. சைட்லேர்ந்து எறக்கினதை 32தானேன்னு சிஸ்டம்32ல போடறவங்க விழற குழி இது. 'சைட் பை சைட் கான்ஃபிகரேஷன் தவறு'ன்னு வந்தா அந்த வின்எஸ்எக்ஸ்எஸ் சீட்டுல கேட்ட பதிப்பு இல்லை. விஷுவல் ஸ்டுடியோ 2005, 2008 கால நிரல்கள்தான் அதிகம், அந்த வருஷத்து ரீடிஸ்ட்ரிபியூட்டபிளைப் போடணும். விண்டோஸோட சொந்த டிஎல்எல்லே கெட்டுப் போயிருந்தா, அட்மின் கமாண்ட் ப்ராம்ப்ட்ல எஸ்எஃப்சி ஸ்கேன்நவ். எதுன்னே புரியலைன்னா சிஸ்இன்டர்னல்ஸோட ப்ராசஸ் மானிட்டரை ஓட விட்டு, நிரல் எந்த ஃபைலை எங்கெங்க தேடித் தோத்துப் போச்சுன்னு வரிசையாப் பார்க்கலாம். அதைப் பார்க்கறதே ஒரு தனி சுகம்.

அந்த டிஎல்எல் சைட்டுகளை ஏன் தொடக்கூடாதுன்னா, டிஎல்எல்ங்கறது படம் மாதிரி சும்மா கிடக்கற ஃபைல் இல்லை. ஏத்தின உடனே அதுக்குள்ள இருக்கற ஒரு ஃபங்ஷனை லோடரே கூப்பிடும், அந்த நிரலுக்கு என்னென்ன உரிமை இருக்கோ அத்தனையும் அதுக்கும் உண்டு. பேரைத் தவிர லோடர் ஒண்ணும் பார்க்காதுன்னு சொன்னேனே, அதையே ஆயுதமாக்கினவங்க உண்டு. முன்னெல்லாம் நிரலோட ஃபோல்டருக்கு அடுத்தபடியா, நீங்க அப்ப நிக்கற ஃபோல்டர்லதான் தேடும். எக்ஸ்பி சர்வீஸ் பேக் 2லதான் அதைப் பின்னால தள்ளினாங்க. அப்பவும் பட்டியல்லேர்ந்து எடுக்கலை. 2010 ஆகஸ்ட்ல மைக்ரோசாஃப்ட் எச்சரிக்கை விட வேண்டியதாச்சு: ஒரு டாக்குமென்ட் பக்கத்துல சரியான பேர்ல ஒரு விஷ டிஎல்எல்லை வெச்சா, டாக்குமென்ட்டைத் திறக்கும்போது அதுவும் உள்ள வந்துடுது. எத்தனையோ நிரல்கள் இதுல மாட்டுச்சு. ஒருத்தன் திருட்டுத்தனமா உள்ள தள்ளப் பார்க்கற ஃபைலை, நாமளே அட்மின் பாஸ்வேர்டு போட்டு சிஸ்டம்32ல வைக்கறதை என்னன்னு சொல்றது? விபிரன்300 காலத்துல ஃபைலுக்குச் சொந்தக்காரர் யாருன்னு தெரியும். இந்த சைட்டுகள்ல அது யாருக்கும் தெரியாது, எந்தப் பதிப்பு, எத்தனை பிட், எப்ப திருத்தினது எதுவும் தெரியாது. நாளைக்கு அதுல ஓட்டை கண்டுபிடிச்சா விண்டோஸ் அப்டேட் அதைத் தொடவும் தொடாது.

லினக்ஸ்காரங்க இதைப் படிச்சுட்டு சிரிக்க வேண்டாம். உங்க ஊர்ல பதிப்பு எண் பேர்லயே ஒட்டியிருக்கு, லிப்சி.எஸ்ஓ.5 போய் லிப்சி.எஸ்ஓ.6 வந்தப்ப ரெண்டும் பக்கத்துல பக்கத்துல இருந்துச்சு, எல்லாம் வாஸ்தவம். ஆனா உபுண்டு 22.04ல லிப்எஸ்எஸ்எல்.எஸ்ஓ.1.1 காணோம்னு பழைய நிரல் அழும்போது, இருக்கற லிப்எஸ்எஸ்எல்.எஸ்ஓ.3க்கு 1.1ன்னு ஒரு சிம்லிங்க் போட்டு வைங்கன்னு யோசனை சொல்ற புண்ணியவான்கள் இருக்காங்க. சின்ன அண்டாவுல 'பெரிய அண்டா'ன்னு பெயிண்ட் அடிக்கற அதே வேலை. நல்லவேளை, அங்க ஃபங்ஷன் பேரோடயே பதிப்பும் ஒட்டியிருக்கும். அதனால லோடர் ஃபைலைத் திறந்து பார்த்துட்டு, ஓபன்எஸ்எஸ்எல்_1_1_0 இதுல இல்லைன்னு சொல்லி வாசல்லயே திருப்பி அனுப்பிடும். அப்படி வந்தா சிம்லிங்க்கை அழிச்சுட்டு, அந்த நிரலோட புதுப் பதிப்பு இருக்கான்னு பாருங்க. இல்லைன்னா அதைப் பழைய உபுண்டு கண்டெய்னர்ல தனியாப் பூட்டி ஓட்டுங்க.